பூட்டிவைத்த நிறம்

அந்தத் தெருவில் அவளுக்கு இரண்டு பெயர்கள். முகத்துக்கு நேரே ‘அண்ணி’, முதுகுக்குப் பின்னால் ‘கண்கொத்தி’. முதல் பெயர், நாத்தனார் கூப்பிட்டுக் கூப்பிட்டு வாடிக்கையாளர்களின் வாயிலும் ஒட்டிக்கொண்டது. இரண்டாவது அவளே பாடுபட்டுச் சம்பாதித்தது.

அவளுடைய பார்லரில் இரண்டு அறைகள். முன்னறையில் கண்ணாடிகள், நாற்காலிகள், வெளிச்சம் வரும் ஒரு ஜன்னல். பின்னறையில் தலை கழுவும் தொட்டி, துவாலை அடுக்கு, சுவரோடு ஒட்டி ஓர் இரும்பு அலமாரி. அந்தச் சுவருக்கு அந்தப்பக்கம் குளியலறை. புருவம் திருத்துவதும் முடி வெட்டுவதும் எங்கும் நடப்பதுதான். அவளைத் தேடி வந்தவர்கள் வேறொன்றுக்காக வந்தார்கள். கன்னங்கரேலென்ற முடியை, பிளீச் போடாமல், பளிச்சென்ற செம்பாகவோ சிவப்பாகவோ மாற்றித் தருவாள்.

இளவயதில் ஒரு பெரிய கடையில் வேலை பார்த்தபோது, பிளீச் அதிகம் ஊறிய ஒரு பெண்ணின் முடி, கழுவும் தொட்டியிலேயே இற்ற நூலாகக் கையோடு வந்தது. அந்தப் பெண் கண்ணை மூடிக்கொண்டு, “ஆச்சா அக்கா?” என்று கேட்டுக்கொண்டிருந்தாள். அன்றிலிருந்து அந்தப் பொடியை இவள் தொட்டதில்லை. அதைவிட முக்கியமான ஒன்றும் அன்று நடந்தது. ‘இதுக்கு முன்னாடி எதுவும் போட்டதில்ல’ என்று அந்தப் பெண் சொன்னது பொய் என்று பிறகு தெரியவந்தது. மனிதர்கள் சொல்வதை நம்பக்கூடாது, முடியைத்தான் கேட்க வேண்டும் என்று முடிவுகட்டினாள். தொழிலுக்கு அது நல்ல பாடம்தான். ஆனால் தொழிலோடு நின்றுவிடுகிற பாடம் எதுவுமில்லை.

யாராவது வந்து உட்கார்ந்தால் விசாரணை தொடங்கும்.

“முன்னாடி டை போட்டிருக்கீங்களா?”

“இல்லவே இல்ல.”

“மருதாணி?”

“ஒரே ஒரு தடவை.”

“அந்த ஒரே ஒரு தடவை எத்தனை தடவை?”

பிறகு பிடரிக்கு மேலே இருபது முடி கத்தரித்து, நூலால் கட்டி, கலரைப் பூசி நாற்பது நிமிடம் வைப்பாள். கழுவி, உலர்த்தி, ஜன்னலுக்குக் கொண்டுபோய் வெயிலில் பிடித்துப் பார்ப்பாள். இந்தக் கலர் முடியின் சொந்தக் கறுப்பைக் கொஞ்சம் கரைத்துக்கொண்டே தன் நிறத்தை ஏற்றும். மேலே பூசிய கறுப்பை ஒன்றும் செய்யாது. எனவே பொய் சொன்னவர்களின் முடி ஜன்னலோரத்தில் மாட்டிக்கொள்ளும். ‘நீலம் வருமா?’ என்று கேட்டால், “வராது. வரும்னு சொல்றவங்க ஒண்ணு பிளீச் போடுவாங்க, இல்ல பொய் சொல்லுவாங்க” என்பாள்.

அவள் கணவர் லிஃப்ட் மெக்கானிக். கயிற்றில் தொங்கிக்கொண்டு வேலை செய்கிறவர். நம்பிக்கை இல்லாமல் அவருக்குப் பிழைப்பில்லை. “கடவுளே நேர்ல வந்தாலும் அடையாள அட்டையும் ஒரு ஜெராக்ஸும் கேப்ப நீ” என்பார்.

“கொண்டு வர்றதுல அவருக்கென்ன கஷ்டம்?” என்பாள் இவள்.

அவருடைய தங்கைதான் நாத்தனார். பதினோரு வருடமாக இவளோடு வேலை செய்கிறாள். பிளீச் இல்லாத இந்தக் கலருக்கு இரண்டு பேர் வேண்டும். தலையை நடுவில் பிரித்து, இருபுறமும் ஒரே நேரத்தில் பூசிக்கொண்டு வர வேண்டும். ஒருத்தியே பூசினால், கடைசிக் கற்றைக்கு வருவதற்குள் முதல் கற்றை முற்றிவிடும், தலை இரு நிறமாகும். அண்ணி வலப்பக்கம், நாத்தனார் இடப்பக்கம். இரண்டு கைகளும் உச்சியில் ஒரே நிமிடத்தில் வந்து சேரும். இதைப் பற்றி அவர்கள் ஒருநாளும் பேசிக்கொண்டதில்லை.

இந்த நிலையில்தான் எதிரில் புதுக்கடை திறந்தது. முழுக்கக் கண்ணாடி. உள்ளே இருப்பவர்கள் கொட்டாவி விடுவதுகூடத் தெரியும். பலகையில் பெரிய எழுத்தில், ‘பிளீச் இல்லாமலே பளிச்!’

அது அண்ணி வருடக்கணக்காகச் சொல்லிவந்த வாசகம். யார் கொண்டுபோய்க் கொடுத்தது?

ஒரு மதியம் நாத்தனார் எதிர்க்கடைப் படியில் நின்று அதன் உரிமையாளரம்மாவோடு சிரித்துப் பேசுவதைப் பார்த்தாள்.

“என்ன பேச்சு?”

“குடையை நம்ம வாசல்ல மறந்துட்டாங்க அண்ணி. குடுத்துட்டு வந்தேன்.”

“அவங்க குடைக்கு நம்ம வாசல்ல என்ன வேலை?”

“காலையில மழை பெஞ்சுதே. ஒதுங்கினாங்க.”

மழை பெய்தது உண்மை. எல்லாவற்றுக்கும் பதில் இருந்தது. பதில் இவ்வளவு தயாராக இருந்ததுதான் அவளுக்குப் பிடிக்கவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை கடைக்குத் தனியாக வந்தாள். கலரோடு கலக்கும் டெவலப்பர், கம்பெனியின் வெள்ளைப் பாட்டில்களில் இருந்தது. எந்த வீரியம் என்று மேலேயே அச்சடித்திருக்கும். கலர் டியூபை யாரும் வாங்கிவிடலாம். எந்த வீரியத்தை எந்த முடிக்கு என்பதில்தான் அவள் கைப்பக்குவம் இருந்தது. ஆகவே அத்தனையையும் காலி ஷாம்பு பாட்டில்களில் ஊற்றினாள். ஒன்றிலும் சீட்டு ஒட்டவில்லை. இரும்பு அலமாரியில் அடுக்கிப் பூட்டி, சாவியைக் கழுத்துச் சங்கிலியில் கோத்துக்கொண்டாள். இருபது முடி சோதனைக்கான சின்னப் பாட்டில் மட்டும், எப்போதும்போல முன்னறைக் கண்ணாடியருகே இருந்தது.

திங்கட்கிழமை நாத்தனார் பூட்டைப் பார்த்தாள்.

“தூசி படுது” என்றாள் அண்ணி.

“அதை வேற பாட்டில்ல ஊத்தலாமா அண்ணி? கம்பெனி பாட்டில்லயே வைக்கணும்னு போட்டிருக்குமே.”

“கம்பெனிக்காரன் அப்படித்தான் பயமுறுத்துவான்.”

அதற்குமேல் நாத்தனார் கேட்கவில்லை. கேட்காததை அண்ணி குறித்துவைத்துக்கொண்டாள்.

சில வாரங்கள் கழித்து, ஒயின் நிறம் கேட்டு வந்த ஒரு நர்ஸம்மாவின் தலை துருப்பிடித்த தகரம்போல் ஆனது. சோதனை முடி அருமையாக வந்திருந்தது. டை போட்டதில்லை என்று அவர் சொன்னதும் இந்தமுறை உண்மைதான்; முடியே சாட்சி. அப்படியானால் தப்பு எங்கே? அலமாரியிலிருந்து ஊற்றித் தருவது அண்ணி. கிண்ணத்தில் கலக்குவது நாத்தனார். அலமாரிக்கும் தலைக்கும் நடுவே இருந்தது அந்த இரண்டு கைகள் மட்டும்.

பாட்டில்களில் நகப்பூச்சால் கோடு போட்டுவைத்தாள். ஒவ்வொரு நாளும் கோடு சரியாகவே இருந்தது. வேறொருத்தியாக இருந்தால் நிம்மதி அடைந்திருப்பாள். ‘எடுத்த அளவுக்குத் தண்ணி ஊத்திவச்சா கோடு எப்படிக் காட்டும்?’ என்று இவள் நினைத்தாள். சாவி கழுத்தில்தானே இருக்கிறது? ‘சாவிக்குச் சாவி செய்ய ஒரு மணி நேரம் போதாதா?’ சந்தேகத்துக்கு எதிராக வந்த சாட்சிகளையும் அது தன் பக்கமே உட்காரவைத்துக்கொண்டது.

“கிண்ணத்துல தண்ணி கிண்ணி இருந்துச்சா?” என்றாள் ஒருநாள், துவாலை மடித்தபடி.

“துடைச்சுத்தான் எடுத்தேன்.”

“எதிர்க்கடையில சிவப்பு சும்மா தகதகன்னு வருதாமே.”

நாத்தனார் கையிலிருந்த பிரஷ்ஷைக் கீழே வைத்தாள். “அண்ணி, கேக்க வேண்டியதை நேரா கேளுங்க.”

“நான் என்ன கேட்டேன்?”

“அதான். பதினோரு வருஷமா கேக்காமலே கேக்குறீங்க. அவங்க போன மாசம் என்னை வேலைக்குக் கூப்பிட்டாங்க. வரலன்னு சொன்னேன். நேத்து வர்றேன்னு சொல்லிட்டேன். ஒண்ணாம் தேதியிலேர்ந்து.”

அண்ணிக்கு முதலில் தோன்றியது, ‘நான் நினைத்தது சரிதான்’ என்பது. அதில் ஒரு சந்தோஷம்கூட இருந்தது. அது அரைமணி நேரம் தாங்கியது. பிறகு, காலி நாற்காலியின் இடப்பக்கம் கண்ணில் பட்டது. புது ஆளைப் பிடித்துவிடலாம். அந்த ஆளை நம்ப இன்னொரு பதினோரு வருடத்துக்கு எங்கே போவது? இவளையே நம்பி முடித்தபாடில்லையே.

ஒன்றாம் தேதிக்கு மூன்று நாள் இருக்கையில் ஓவிய டீச்சர் வந்தார். மறுநாள் அவருடைய மாணவர்களின் ஓவியக் கண்காட்சி. செம்பு நிறம் வேண்டும். முந்தாநாளே எடுத்த சோதனை முடி, ஜன்னலில் புதுக் கம்பியாக மின்னியது.

“இன்னிக்கு நானே கலக்குறேன்” என்றாள் அண்ணி. “நீ கிண்ணத்தைத் தொட வேண்டாம்.”

நாத்தனார் கையைக் கட்டிக்கொண்டு சுவரோரம் நின்றாள்.

அண்ணி அலமாரியைத் திறந்தாள், ஊற்றினாள், அளந்தாள், கலக்கினாள். முழுத்தலைக்கும் போகாமல், காதுக்குப் பின்னால் ஒரு கீற்றில் மட்டும் பூசினாள். வேறு யார் கையும் படவில்லை. நாற்பது நிமிடமும் அந்த இடத்தை விட்டு அசையவில்லை. கழுவி, உலர்த்தி, ஜன்னல் பக்கம் திருப்பினாள்.

துரு.

டீச்சர் கைக்கண்ணாடியில் சாய்த்துப் பார்த்தார். “பெயிண்ட் டியூப் மேல ஆரஞ்சுன்னு எழுதிட்டு உள்ள ப்ரவுனை அடைச்சு வித்த மாதிரி இருக்கே.”

சந்தேகப்பட இனி ஓர் ஆள்தான் மிச்சம். பின்னறைக்குப் போய் இன்னொரு பாட்டிலை எடுத்தாள். ஒளி ஊடுருவும் அந்தப் பாட்டில் வயிறு உப்பி இருந்தது. மூடியைத் திருகியதும் ‘உஸ்’ என்று பெருமூச்சு விட்டது. அதை வைத்துவிட்டு அலமாரியின் முதுகுப் பக்கம் கையை நுழைத்தாள். தகரம் சுட்டது. அந்தச் சுவரின் மறுபக்கத்தில்தான் காலைமுதல் மாலைவரை அணையாமல் கீசர் கொதித்துக்கொண்டிருந்தது. பதினோரு வருடமும் அது அங்கேதான் இருந்தது. டெவலப்பர் மட்டும் அங்கே இருந்ததில்லை. ஷாம்பு பாட்டிலில் கழுவியும் போகாத மிச்சமும், தினசரி வேக்காடும் சேர்ந்து, வீரியம் எல்லாம் காற்றாகப் போயிருந்தது. முன்னறையில் ஒதுக்கமாக இருந்த சின்னப் பாட்டில் மட்டும் தப்பித்தது. அதனால்தான் சோதனை முடிகள் மின்னின.

முன்னறைக்கு வந்து நின்றாள்.

“நான்தான்” என்றாள்.

“என்ன நீங்கதான்?” என்றாள் நாத்தனார்.

“கெடுத்தது.”

“என் தலையையா?” என்றார் டீச்சர்.

“இன்னும் முழுசா இல்ல மேடம்” என்றாள் நாத்தனார், கண்ணை அண்ணியிடமிருந்து எடுக்காமல்.

“பாட்டில் மாத்தினேன். கீசர் சுவத்துல வச்சுப் பூட்டினேன். எல்லாம் செத்துப்போச்சு. நீ தண்ணி ஊத்துறன்னு நெனச்சேன்.” அண்ணிக்கு இதைச் சொல்ல வெகுநேரம் ஆனது. நடுவில் இரண்டு தடவை இருமினாள். “நீ சாவி செஞ்சு வச்சிருப்பன்னுகூட நெனச்சேன்.”

நாத்தனார் சிரிக்கவும் இல்லை, அழவும் இல்லை. “சாவி செய்யிற அளவுக்கு எனக்கு எங்க அண்ணி நேரம்? நாள்பூரா உங்க கண்ணு முன்னாடிதான இருக்கேன்.”

“குடும்ப விவகாரத்தை என் தலையில வச்சுத் தீத்துக்குறீங்க, சந்தோஷம்” என்றார் டீச்சர். “நாளைக்கு நான் எப்படிப் போறது?”

சின்னப் பாட்டிலில் இருந்தது ஒரு கற்றைக்குக்கூடக் காணாது. சரக்குக் கடைக்கு விடுமுறை. மூன்று பேரும் ஒரே நேரத்தில் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார்கள். எதிரில், கண்ணாடிக்கு உள்ளே, அலமாரி நிறைய வெள்ளைப் பாட்டில்கள் தெரிந்தன.

“நான் போய்க் கேக்கட்டுமா?” என்றாள் நாத்தனார்.

அண்ணியின் மனதில் ஓடியதை எழுதினால் ஒரு பக்கம் வரும். எந்த வீரியம் என்று அவர்களுக்குத் தெரிந்துவிடும். பழைய சரக்கை நம் தலையில் தள்ளிவிடுவார்கள். ஊர் முழுக்கச் சொல்லிச் சிரிப்பார்கள். இவள் அங்கே என்ன பேசிவிட்டு வருவாளோ.

“போ” என்றாள்.

நாத்தனார் நாலே நிமிடத்தில் திரும்பினாள். “திங்கக்கிழமை திருப்பித் தந்தா போதும்னாங்க.” அண்ணி பாட்டிலை வாங்கி மூடியின் சீலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பழக்கத்தில் கத்தரிக்கோலை எடுத்து, டீச்சரின் பிடரிப்பக்கம் கையைக் கொண்டுபோனாள்.

“இன்னொரு இருபது முடியா?” என்றார் டீச்சர். “இப்படியே போனா கலர் போட முடி இருக்காதும்மா.”

கத்தரிக்கோலைக் கீழே வைத்தாள். கிண்ணத்தை நாத்தனாரிடம் நீட்டினாள். “நீ கலக்கு.”

வலப்பக்கம் ஒருத்தி, இடப்பக்கம் ஒருத்தி. இரண்டு கைகளும் உச்சியில் வந்து சேர்ந்தன. நாற்பது நிமிடம் கழித்து டீச்சரின் தலை, காதுக்குப் பின்னால் ஒளிந்திருந்த அந்தத் துருக்கீற்றைத் தவிர, துலக்கிய செம்பாக இருந்தது. அவர் போனபிறகு நாத்தனார் கிண்ணங்களைக் கழுவினாள்.

“அங்க போறேன்னு சொன்னது சொன்னதுதான் அண்ணி. வாக்குக் குடுத்துட்டேன்.”

“ம்.”

“ஆனா வாரம் பூரா வரலன்னு இப்ப சொல்லிட்டு வந்தேன். திங்கள், புதன், வெள்ளி அங்க. செவ்வாய், வியாழன், சனி இங்க.”

“அதுக்கு அவங்க ஒத்துக்கிட்டாங்களா?”

“ஒத்துக்கிட்டாங்க.”

“சனிக்கிழமையை ஏன் எனக்குக் குடுத்த?”

“சனிக்கிழமைதான கூட்டம். உங்களால தனியா முடியாது.”

அண்ணி யோசித்தாள். சனிக்கிழமைக் கூட்டத்தில் அவர்களுக்கும்தானே ஆள் தேவைப்படும்? எப்படி விட்டுக்கொடுத்தார்கள்? இதில் என்ன கணக்கு? முன்னும் பின்னுமாகப் புரட்டிப் பார்த்தாள். எவ்வளவு தேடியும் ஒன்றும் அகப்படவில்லை. அகப்படாததே கொஞ்சம் உறுத்தியது.

“சரி” என்றாள். பிறகு, வாய் சும்மா இருக்காமல், “அவங்க பாட்டிலையெல்லாம் எங்க வைக்கிறாங்க?”

“வெளியிலதான் அண்ணி” என்றாள் நாத்தனார், கிண்ணத்தைக் கவிழ்த்தபடி. “எல்லார் கண்ணுக்கும் தெரியிற மாதிரி.”