காந்திமதி சமைத்த மக்காச்சோளம்

சந்திரகலாவின் கணவர் கொளஞ்சிநாதன் சுரங்கத்தில் பெர்மனென்ட். நெய்வேலி டவுன்ஷிப்பில் குவார்ட்டர்ஸ். ஜாக்கெட் தைத்துக் கொடுக்க மந்தாரக்குப்பத்திலிருந்து வந்துபோன காந்திமதி, நாளாக ஆக அவளுக்குத் தங்கை மாதிரி ஆகிவிட்டாள். காந்திமதியின் கணவன் தங்கராசுவுக்கு அதே சுரங்கத்தில் கான்ட்ராக்ட் வேலை.

கல்யாணத்துக்கு முன்பு காந்திமதி புதுச்சேரியில் ஒரு ஓட்டல் சமையலறையில் இருந்தவள். மறுபடி அப்படி ஒரு வேலைக்குப் போக வேண்டும் என்பது அவளுக்கு ரொம்ப நாள் ஆசை.

கொளஞ்சிநாதனின் அதிகாரி ஓய்வு பெற்றபோது, அவரையும் அவர் மனைவியையும் வீட்டுக்குச் சாப்பிடக் கூப்பிட்டார்கள். அந்த அம்மாளின் தம்பி கடலூரில் ஓட்டல் வைத்திருந்தார். சமையலுக்கு ஆள் தேடிக்கொண்டிருந்தார்.

“பிரியாணிக்குப் பக்கத்துல வைக்க நீ ஏதாவது செய் காந்தி. அவங்க சாப்பிட்டதும் உன்னைப் பத்திச் சொல்றேன்” என்றாள் சந்திரகலா.

காந்திமதி காலையிலேயே வந்துவிட்டாள். ஸ்வீட் கார்னை வேகவைத்து, பாதியை மிக்ஸியில் அரைத்தாள். வெண்ணெயில் மைதாவைப் பச்சை வாசனை போக வறுத்து, பால் ஊற்றிக் கிளறினாள். முத்துகளையும் விழுதையும் மிளகுத் தூளோடு அதில் கலந்து, சீஸ் துருவிப் போட்டு, மேலே ரொட்டித் தூளைத் தூவினாள். சந்திரகலா வீட்டில் கேக்குக்கு மட்டும் எப்போதாவது பயன்பட்ட ஓவனுக்குள் அந்தத் தட்டு போனது. மேல்பக்கம் சிவந்து, ஓரங்களில் பால் கொதிக்க, தட்டு வெளியே வந்தபோது வாசனை முன்னறை வரை போயிற்று.

அதிகாரியின் மனைவி முதல் வாயிலேயே நிமிர்ந்தார்.

“இத யாரு செஞ்சது? கடையில வாங்குனதா?”

“இல்லைங்க மேடம், நான்தான் செஞ்சேன்” என்றாள் சந்திரகலா.

இத்தனை வருடத்தில் அந்த அம்மாள் தன்னிடம் நேராகப் பேசியது அதுவே முதல் தடவை. கொளஞ்சிநாதன் பெருமையாகப் பார்த்தார். வாய் சொல்லிவிட்டது. இதோ உண்மையைச் சொல்லிவிடலாம், இதோ, என்று நினைப்பதற்குள் அடுத்த கேள்வி வந்தது.

“மாவு கட்டி தட்டாம எப்படிப் பண்ணீங்க?”

சந்திரகலா திரும்பிப் பார்த்தாள். சமையலறை வாசலில் நின்ற காந்திமதிதான் சொன்னாள்:

“அடுப்பக் கொறச்சு, பால கொஞ்சங்கொஞ்சமா ஊத்தணும்னு அக்கா சொல்லுவாங்க மேடம்.”

விருந்தாளிகள் போனதும் காந்திமதி பாத்திரங்களைக் கழுவி வைத்துவிட்டு, “வரேன்க்கா” என்று கிளம்பினாள். அதற்குப் பிறகு வரவில்லை. போன் செய்ய வேண்டும் என்று சந்திரகலா தினமும் நினைத்தாள். என்னவென்று தொடங்குவது? கொஞ்ச நாளில் தங்கராசுவின் கான்ட்ராக்ட் முடிந்து, குடும்பம் மேல்பட்டாம்பாக்கம் போய்விட்டதாகக் கேள்விப்பட்டாள்.

அடுத்த வருடம் கொளஞ்சிநாதனும் ஓய்வு பெற்றார். குவார்ட்டர்ஸைக் காலி செய்வதற்குமுன் சந்திரகலா மேல்பட்டாம்பாக்கத்துக்கு பஸ் ஏறினாள். விசாரித்து வீட்டைக் கண்டுபிடித்தபோது காந்திமதி வேலைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தாள். மசாலா கம்பெனி ஒன்றில் பாக்கிங் வேலை.

“வாங்கக்கா. மாமா நல்லா இருக்காரா?”

“அன்னிக்கு நான் உன் பேரைச் சொல்லியிருக்கணும் காந்தி. ஏன் அப்படிச் சொன்னேன்னு எனக்கே தெரியல.”

காந்திமதி தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். “நீங்க சொல்லுவீங்க, சொல்லுவீங்கன்னு வாசப்படியிலயே நின்னுகினு இருந்தேன்க்கா. அவங்க கார்ல ஏறுற வரைக்கும்.”

“இப்பக்கூட அந்தம்மாகிட்ட நான் பேசறேன்.”

“அந்த ஓட்டல மூடிட்டாங்களாம்க்கா.” குரலில் கோபமில்லை. கோபித்துக்கொண்டால் தேவலை என்றிருந்தது சந்திரகலாவுக்கு.

தெருமுனையில் கம்பெனி வேன் ஹாரன் அடித்தது. “வூட்டுல அவரு தூங்குறாரு, நைட் ஷிப்ட். எழுப்பட்டுமா? காபி போட்டுத் தருவாரு.”

“வேணாம்மா. நீ போ.”

காந்திமதி ஓடிப்போய் வேனில் ஏறினாள். உள்ளே இருந்த பெண்கள் நகர்ந்து இடம் கொடுத்தார்கள். சந்திரகலா பாதித் தண்ணீரோடு டம்ளரைப் பிடித்தபடி அங்கேயே நின்றாள்.