முப்பத்தொரு பூட்டு

கோமளாவின் வலது உள்ளங்கையில், வால்வு திருகித் திருகிக் காய்ப்பு ஏறியிருக்கும். அவிநாசிபாளையத்திலிருந்து மூன்று கல் உள்ளே தள்ளிக் கிடக்கிற வெள்ளப்பாறைப்புதூருக்குப் பதினாறு வருடமாகத் தண்ணீர் விடுகிறவள் அவள்தான். பஞ்சாயத்து வேலை. மோட்டார் போட வேண்டும், டேங்க் நிறைந்ததும் வால்வைத் திறக்க வேண்டும், தண்ணீர் வராத வீட்டுக்காரியிடம் திட்டு வாங்க வேண்டும்.

திட்டு வாங்கித்தான் எத்தனையோ வருடமாகிவிட்டது. முன்பெல்லாம் ஒரு மணி நேரம் விட்டாலும் கடைசித் தெருவில் குடத்தோடு சண்டைக்கு நிற்பார்கள். இப்போது கால் மணி நேரம் போதும். முப்பத்தெட்டு வீட்டில் ஏழில்தான் ஆள் இருக்கிறது, மற்ற முப்பத்தொன்றிலும் பூட்டு. கிணறு வற்றியது, பனியன் கம்பெனி கூப்பிட்டது, ஒவ்வொருவராகத் திருப்பூர் போய் அங்கேயே வீடும் கட்டிக்கொண்டார்கள். பிழைக்கப் போனவர்களைக் குறை சொல்ல முடியுமா? முடியாதுதான். ஆனாலும் கோமளாவுக்குக் கோபம். "பூட்டுனதுதான் பூட்டுனீங்க, சாவியக் குடுத்துட்டுப் போனா கை தேஞ்சா போகும்?" என்று போகிற வழியில் பூட்டுகளைத் திட்டிக்கொண்டே போவாள்.

சாவியின் அவசியம் தை மாதத்தில் வந்தது. ஒருநாள் காலை பசந்தி என்கிற ஒடிசாக்காரப் பெண், ஏழு வயது மகளைக் கையில் பிடித்துக்கொண்டு வால்வடிக்கு வந்தாள். மெயின் ரோட்டுக் கம்பெனியில் தைக்கிறவள். அவளைப் போல எட்டுக் குடும்பம் ஒரே தகர ஷெட்டில், நடுவே சேலையைக் கட்டி மறைத்துக் குடியிருக்கிறார்கள். ஷெட்டை இடிக்கப் போகிறார்களாம். பங்குனி முடிவதற்குள் பக்கத்தில் வீடு கிடைத்தால் சரி, இல்லாவிட்டால் பெரியவர்கள் டவுன் ஹாஸ்டலுக்கு, பிள்ளைகள் ஒடிசாவுக்கு.

"அக்கா, இங்கே நிறைய வீடு காலி. நமக்குக் கிடைக்குமா?" என்றாள் பசந்தி.

அடி ஆத்தாடி, எட்டுக் குடும்பம்! பிடித்தால் உடும்புப்பிடி கோமளாவுடையது. முப்பத்தொரு பேருக்கும் போன் போட்டாள். "பாக்கலாம்" என்றவர்கள் பாதி, போனை எடுக்காதவர்கள் மீதி. ஊரிலேயே பெரிய வீட்டுக்காரரும் திருப்பூரில் பனியன் கம்பெனி நடத்துகிறவருமான தங்கதுரை மட்டும் வெளிப்படையாகச் சொன்னார். "வடக்கத்தி ஆளுகளுக்கா? வேண்டாம் அம்மிணி. ஊடு சும்மா கெடந்தாக் கெடக்குது."

"உங்க கம்பெனில பாதிப்பேரு அவிங்கதானுங்ணா. தைக்கறதுக்கு ஆகும், தங்கறதுக்கு ஆகாதுங்களா?"

போன் கட்டாகிவிட்டது.

மறுநாளே கோமளா, கோயில் காரியம் பார்க்கிற சாமியப்பன் வீட்டு வாசலில் போய் உட்கார்ந்தாள். மாரியம்மன் நோம்பித் திருவிழாவை அந்த ஊரில் ஒன்பது வருடமாக ஒரே நாளில் முடித்துவிடுகிறார்கள். காலையில் காரில் வருவது, பொங்கல் வைப்பது, பொழுது சாய்வதற்குள் கிளம்புவது. காரணம் எல்லோருக்கும் தெரியும். முறைப்படி தப்படித்து நோம்பியை அறிவித்துச் சாட்டி, கோயில் முன்னால் கம்பம் நட்டால், கம்பம் பிடுங்குகிற வரைக்கும் எட்டு ராத்திரி வீட்டுக்கு ஒருவராவது ஊரிலேயே தங்க வேண்டும், வீட்டில் விளக்கு எரிய வேண்டும். மீறினால் அம்மை வார்த்துவிடும் என்று பயம். அந்தப் பயத்தில்தான் சாட்டையே விட்டுவிட்டார்கள்.

"இந்த வருசம் சாட்டிப்போடலாமுங்க பெரியப்பா" என்றாள்.

"வருவாங்களா கண்ணு?"

"எனக்குப் பயப்படமாட்டாங்க. ஆத்தாளுக்குப் பயப்படுவாங்க."

சாமியப்பன் வாய்விட்டுச் சிரித்தார். பங்குனிச் செவ்வாய்க்கிழமை தப்பு அடித்துச் சாட்டினார்கள். கோயில் முன்னால் மூன்று கிளை விட்ட முக்கவர்க் கம்பம் நட்டார்கள். வெள்ளப்பாறைப்புதூருக்குக் கார் காராக வந்து இறங்கின, உள்ளே முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வீட்டுக்காரர்கள்!

பூட்டைத் திறந்த பிறகல்லவா கூத்து! ஒரு வீட்டில் ஃபேன் சுற்றவில்லை, ஒரு வீட்டில் ஓடு சரிந்திருந்தது. தங்கதுரை வீட்டுச் சமையலறையில் வௌவால் குடும்பம் நடத்திக்கொண்டிருந்தது. இரண்டாம் நாள் விடிந்ததும் அவர் வாசலில் நின்று கத்தினார்.

"அம்மிணி, கொழாய்ல சொட்டுத் தண்ணி இல்ல!"

"பைப்பு துரு ஏறிப்போச்சுங்ணா. ஆளு பொழங்குனாத்தானுங்க பைப்பு நல்லாருக்கும்."

எட்டு ராத்திரி கொசுக்கடியில் கிடக்க முடியுமா? டவுனிலிருந்து பிளம்பர் வந்தான், எலக்ட்ரீசியன் வந்தான், ஓடு மாற்ற ஆள் வந்தது. கோமளா தினமும் ஒரு மணி நேரம் தண்ணீர் விட்டாள்.

விடியற்காலையில் கம்பத்துக்குத் தண்ணீர் ஊற்ற வந்த பெண்களோடு பசந்தியும் வேப்பிலைக் குடத்தோடு வந்து நின்றாள். கூட்டத்தில் யாரோ முணுமுணுத்தார்கள். "ஆத்தாளுக்கு ஊத்தற தண்ணில என்னுங்க ஒடியா, தமிழு? நகருங்க" என்று சாமியப்பன் ஒரு அதட்டல் போட்டார். எட்டு நாளும் பசந்தி தண்ணீர் ஊற்றிவிட்டுத்தான் ஷிப்டுக்குப் போனாள். பல் விளக்கிக்கொண்டே தங்கதுரை அதைப் பார்த்தார்.

எட்டு ராத்திரி முடிந்து அடுத்த புதன்கிழமை கம்பம் பிடுங்கிக் கிணற்றில் விட்டாயிற்று. எல்லோரும் மஞ்சள் தண்ணீரில் நனைந்த வேட்டியோடு கார் சாவியைத் தேடும்போது சாமியப்பன் தொண்டையைச் செருமினார். "ஒன்பது வருசம் தப்புப் பண்ணிட்டோம். இனி வருசா வருசம் சாட்டுத்தானுங்க."

"அய்யோ!" என்று நாலைந்து பேர் ஒன்றாக அலறினார்கள்.

கோமளா முன்னால் வந்தாள். "ஒரு சந்தேகமுங்க பெரியப்பா. ஊட்டுல வெளக்கு எரியோணும், ஆளு ராத்தங்கோணும், சரிங்க. ஊட்டுக்காரருதான் தங்கோணும்னு ஆத்தா சொல்லீருக்காளுங்களா?"

சாமியப்பன் தாடியைத் தடவி யோசிப்பது போல நடித்தார். "இல்ல கண்ணு. ஆளு தங்கோணும். அவ்வளவுதான்."

தங்கதுரைக்குத்தான் முதலில் புரிந்தது. "இதுக்குத்தான் எங்களெ எட்டு நாளு கொசுக்கடில போட்டியா அம்மிணி?"

"ஆமாங்ணா."

அவர் சிரிக்கவில்லை. பசந்தியைக் கைகாட்டிக் கூப்பிட்டார். "ஊட்டுக்குள்ள வௌவால் இருக்குது. பயமில்லையாம்மா?"

"வௌவால் பயம் இல்லே அண்ணா. ஷெட்லே எட்டுக் குடும்பத்துக்கு ஒரே கதவு. என் பொண்ணு வளருது. எனக்கு ஒரு கதவு வேணும்."

தங்கதுரைக்கும் ஒரு மகள் இருக்கிறாள். அவர் இடுப்பிலிருந்து வீட்டுச் சாவியை எடுத்துப் பசந்தி கையில் கொடுத்தார். அதைப் பார்த்து இன்னொருவர், அப்புறம் இன்னொருவர். அன்றைக்கு ஒன்பது சாவி சேர்ந்தது. கோமளா சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "மிச்சம் இருவத்திரண்டு" என்று சத்தமாகவே எண்ணினாள்.

அடுத்த திங்கட்கிழமை காலை, புதிதாகக் குடிவந்தவர்களை மறந்து, பழைய வழக்கப்படி கால் மணி நேரத்தில் வால்வை மூடிவிட்டு வீட்டுக்கு நடந்தாள். பாதி வழி போவதற்குள் பின்னாலிருந்து ஒரு குரல் தெருவையே கிழித்தது.

"என்ன அக்கா நீ! எங்க குடம் பாதிதான் ரொம்புச்சு! தண்ணி யாரு விடறது?"

பசந்தி இடுப்பில் கையை ஊன்றி, கடைசித் தெரு முனையில் சண்டைக்கு நின்றாள்.

"வர்றேன்டி!" என்று கத்திக்கொண்டு கோமளா டேங்க்கைப் பார்த்து ஓடினாள்.