மயில்சாமியின் வலது தோள்

குன்னூர் பேருந்து நிலையத்துக்கு எதிரே மலையாளி ஷிஜோவின் டீக்கடையில் மயில்சாமிதான் மாஸ்டர். வயது ஐம்பத்தாறு. வலது கையைத் தலைக்கு மேல் உயர்த்தி, இடது கை டம்ளரில் நுரை பொங்க ஆற்றுவது அவர் பிழைப்பு. ஐப்பசியில் அந்த வலது தோள் வலிக்கத் தொடங்கியது. மலையில் எந்த வலி வந்தாலும் பழி குளிர் மேல்தான். மனைவி சாந்தாமணி கம்பளித் துண்டால் கையை மார்போடு சேர்த்துக் கட்டி வீட்டில் உட்காரவைத்தாள். தை பிறந்தபோது வலி குறைந்திருந்தது. கை மட்டும் நெஞ்சுக்கு மேல் எழவில்லை.

அப்படியே வேலைக்குப் போனார்.

"என்ன மாஸ்டர், டீ குள்ளமா வருது?" என்று ஒரு ஓட்டுநர் சிரித்தார்.

அன்று மாலையே ஆஸ்பத்திரிக்குப் போனார். உடற்பயிற்சி சிகிச்சை தரும் ஸ்வேதா கையைப் பிடித்துத் தூக்கிப் பார்த்தாள்.

"ஏனுங்க, கட்டியா வெச்சிருந்தீங்க?"

"மூணு மாசமுங்க. குளிர் ஏறக் கூடாதுன்னு."

"குளிர் இல்லீங்க. முழங்கை கதவுக் கீல் மாதிரி, ஒரே பக்கமாத்தான் மடங்கும். தோள்ல எலும்போட உருண்டைத் தலை ஆழமில்லாத குழியில உக்காந்திருக்கு. அதனாலதான் எல்லாப் பக்கமும் சுத்துது. அதைச் சுத்தி ஒரு சவ்வுப் பை. அது வீங்கித்தான் வலி வந்துச்சு. அசைக்காம வெச்சதுல இன்னும் சுருங்கி இறுகிப் போச்சு."

"மறுபடி தூக்க முடியுமுங்களா?"

"வருசங்கூட ஆகலாமுங்க. வலிச்சாலும் மெதுவா அசைச்சிட்டே இருக்கோணும்."

மறுநாள் பாய்லர் அருகே, அவர் இடத்தில், கடைப் பையன் பெனிஸ் நின்றிருந்தான். ஷிஜோ கல்லா நாற்காலியை இழுத்துப் போட்டார். "சேட்டா, இனி இவிடே இருந்தா போதும். கைக்கு ரெஸ்ட்."

அந்த நாற்காலியைப் பார்த்ததும் மயில்சாமியின் உடம்பெல்லாம் அதில் சாயத் துடித்தது. உட்கார்ந்தால் கை மடியில் கிடக்கும். மறுபடி இறுகும். அப்புறம் பாய்லர் இல்லை.

"வேண்டாமுங்க. மேசை தொடைக்கிறேன்."

"மாஸ்டர் மேசை தொடைக்கிறதா? ஆளுங்க என்ன பறையும்?"

"பேசிட்டுப் போறாங்க. கை சுத்துமுல்லீங்க."

ஷிஜோ நாற்காலியைக் கல்லாவுக்கே திருப்பித் தள்ளினார். "சரி. தோள் வரட்டும், பாய்லர் சேட்டனுக்குத்தான்."

மயில்சாமி ஈரத்துணியை வலது கையில் எடுத்து வட்டம் போட்டார். பாதி மேசையில் பல்லைக் கடித்தார். துணி தானாக இடது கைக்கு மாறியது. சலிப்போடு பெருமூச்சு விட்டு, அதை மறுபடியும் வலது கைக்கு மாற்றினார்.

"டம்ளரைத் தூக்குங்க, தம்பி," என்றார், அந்த மேசையில் டீ குடித்துக்கொண்டிருந்தவனிடம்.