கறிச்சோறும் முக்கால் கிலோவும்: திருச்சுழி பக்கம் ஒரு கபடி பைனல்

திருச்சுழி பக்கம் கிராமத்துக் கபடி பைனல் பார்க்கப் போகலாமா, பெண்கள் போனால் சரிப்படுமா என்று வாசகி ஒருவர் கேட்டிருந்தார். தாராளமாகப் போங்க. கல்யாணமான மூணாவது மாசமே போனவள் நான். தொண்ணூறுகளின் நடுவில், சித்திரை வெயிலில். பொம்பளைக்கு அங்கே என்ன வேலை என்று மாமியார் கேட்டார். உங்க மகன் வேலை விஷயமாத்தான் போறேன் என்றேன். பொய்யில்லை.

எங்க வீட்டுக்காரர் சாமுவேல் அப்போது காசு வாங்கி ஆடுகிற கபடிக்காரர், அருப்புக்கோட்டை அணிக்குக் கேப்டன். மற்ற நாளெல்லாம் அடுத்தவர் தறியில் கூலி. இந்த பைனலைப் பார்க்க ஒரு மில் மேலாளர் வருவதாகவும், ஜெயிக்கிற கேப்டனை மாசச் சம்பளத்துக்குத் தன் மில் அணியில் எடுத்துக்கொள்வதாகவும் பேச்சு. இருந்தது ஒரே இடம். அது கிடைக்கவில்லை என்றால் மறுபடி தறிதான். அந்த மில் வேலையை நினைத்து நான் மனசுக்குள் தனி வீடே பிடித்துவிட்டேன்.

அருப்புக்கோட்டையில் காலை எட்டரைக்குத் திருச்சுழி பஸ். பதினஞ்சு கிலோமீட்டர் சொச்சம், டிக்கெட் மூணு ரூபாய்க்குள். பைனலுக்குப் போகிறோம் என்றதும் கண்டக்டர் எந்த டீம் என்று விசாரித்தார். சொன்னோம். தோத்துருவீகளே என்று வருத்தப்பட்டுக்கொண்டே பாக்கிச் சில்லறையைக் கொடுத்தார். திருச்சுழியிலிருந்து டவுன் பஸ், இறங்கி ரெண்டு கிலோமீட்டர் நடை. சீமைக்கருவேலத்தை விட்டால் வேறு நிழல் கிடையாது. ஊர்ப் பேரைப் போடவில்லை, சொந்தக்காரர்கள் சண்டைக்கு வருவார்கள்.

அந்த ஊரில் ஒரு வழக்கம். எதிரணி ஆட்டக்காரர்களை வீட்டுக்கு ரெண்டு பேராகப் பிரித்துச் சாப்பிடக் கூட்டிப்போவார்கள். எதிரணிக் கேப்டனுக்கு மட்டும் உள்ளூர்க் கேப்டன் வீட்டில்தான் இலை. உள்ளூர்க் கேப்டன் முருகேசன். அந்த மில் இடத்துக்கு அவரும்தான் காத்திருந்தார். அவருடைய மதினி முத்துலெட்சுமி அக்காதான் பரிமாறினார்.

இது அறுபது கிலோ பிரிவு ஆட்டம். அதற்கு மேல் ஒரு பிடி இருந்தாலும் ஆட விடமாட்டார்கள். எப்போதும் எடை போட்ட பிறகுதான் சாப்பாடு. அன்றைக்குப் பருத்திக் கடையிலிருந்து வரவேண்டிய தராசு வந்து சேரவில்லை. சோறு ஆறிப்போகும் என்று முதலில் இலையைப் போட்டுவிட்டார்கள். ஆட்டுக்கறிக் குழம்பு, ஈரல், முட்டை. இவர் இலைக்கு மேலே கையை விரித்து மறைத்தார். அக்கா அந்தக் கையை நகர்த்திவிட்டு அள்ளி வைத்தார். வெயிலில் ஆடுற பிள்ளை என்று ரெண்டு செம்பு மோர் வேறு. நானும் போதும் போதும் என்றேன். யார் கேட்டா?

தராசு வந்தது. இவர் ஏறி நின்றார். முக்கால் கிலோ கூட.

இது திட்டம் போட்டுச் செய்த வேலை என்று எங்க அணிப் பையன்கள் சட்டைக் கையை மடக்கிக்கொண்டு கிளம்பினார்கள். விழாக் கமிட்டி ஒரு மணி நேரம் கொடுத்தது. கம்பளியைப் போர்த்திக்கொண்டு அந்த உச்சி வெயிலில் கண்மாய்க் கரையில் இவர் ஓடினார், ஓடினார், அப்படி ஓடினார். திரும்பி வந்து ஏறினால் இன்னும் கொஞ்சம் மிச்சம். நேரம் முடிந்தது, கேப்டன் இல்லாமல் ஆடுங்க என்றார்கள். உள்ளூர்க் கூட்டம் விசிலடித்தது.

அப்போதுதான் முத்துலெட்சுமி அக்கா கூட்டத்தை விலக்கிக்கொண்டு உள்ளே வந்தார். கமிட்டிக்காரர்களை ஒரு பார்வை பார்த்தார்.

"இலையில போட்டது நானு. அதுக்கு அவுகள வெளிய அனுப்புனா, இனிமே எவன் இந்த ஊருல கை நனைப்பான்? தலையச் செரைச்சுட்டு இன்னொருக்கா எடை போடுங்க."

கமிட்டி முருகேசனைப் பார்த்தது. வேண்டாம் என்று அவர் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும், மில் வேலை அவருக்கு.

"எடுக்கட்டும் மதினி. ஆளில்லாத களத்துல ஜெயிச்சு எனக்கென்ன" என்றார்.

நாவிதர் வந்தார். நான் மயங்கிக் கட்டிக்கொண்ட அந்தச் சுருட்டை முடியும் மீசையும் பத்தே நிமிஷத்தில் மண்ணில் கிடந்தன. எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. தராசு முள் நடுவில் வந்து நின்றது.

சாயங்காலம் நாலு மணிக்கு ஆட்டம். டிராக்டர் டிரெய்லர் மேல் ஏறி நின்றுகொண்டேன், பார்க்க அதுதான் நல்ல இடம். ஓடி ஓடி இவர் உடம்பில் தெம்பே இல்லை. ரெண்டாம் பாதியில் கெண்டைக்கால் வேறு பிடித்துக்கொண்டது. கடைசிப் பாட்டுப் பாடி இவர் எதிராளி களத்துக்குள் போகும்போது நாங்கள் ஒரு புள்ளி பின்னால். மூலையில் நின்றவனைத் தொட்டுத் திரும்பினார். முருகேசன் பாய்ந்து கணுக்காலைப் பிடித்தார், இவர் குப்புற விழுந்தார். கபடி கபடி என்ற சத்தம் மட்டும் நிற்கவில்லை. முருகேசனையும் இழுத்துக்கொண்டே ஊர்ந்து நடுக்கோட்டைத் தொட்டுவிட்டார். தொட்டவனுக்கு ஒன்று, பிடித்தவருக்கு ஒன்று. ஒரே புள்ளியில் ஜெயித்தோம். மேலாளர் அங்கேயே இவர் கையைப் பிடித்துக் குலுக்கினார். நான் டிரெய்லரிலிருந்து குதித்ததில் செருப்பு அறுந்தது, அது கிடக்கட்டும்.

அந்தச் சந்தோஷத்திலும் அக்கா முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியமில்லை. சொல்லாமல் கிளம்பவும் மனசு வரவில்லை. போய், உங்க கொழுந்தனாருக்கு வரவேண்டிய வேலை அக்கா என்று இழுத்தேன்.

"களத்துல தோத்தா அடுத்த வருசம் ஆடிக்கிருவான். தராசுல ஜெயிச்சிருந்தா காலம் பூரா தலையக் குனிஞ்சுல்ல நடக்கணும்?" என்றார். உடனே முந்தானையை உதறிச் செருகிக்கொண்டு, பஸ்ஸுக்கு நேரமிருக்கு, உக்காருங்க என்றார்.

நீங்கள் போவதாக இருந்தால் குடையும் தண்ணீரும் அவசியம். கடைசி டவுன் பஸ் எத்தனை மணிக்கு என்று இறங்கும்போதே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். ஆட்டக்காரரோடு போகிறவர்கள் எடை போடும்வரை எந்த வீட்டு வாசலிலும் நிற்காதீர்கள். ஆட்டம் முடிந்த பிறகு யார் கூப்பிட்டாலும் போய்ச் சாப்பிடுங்கள், தோற்ற வீடாக இருந்தால் கட்டாயம் போங்கள். அன்றைக்கு மொட்டைத் தலையோடு இவரும் முருகேசனும் பக்கத்துப் பக்கத்து இலையில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். போதும் என்று ரெண்டு பேருமே கையை விரிக்கவில்லை.