கூடாது அண்ணனும் தெருக்குழாயும்

சைக்கிளுக்குப் பஞ்சர் ஒட்டும் அந்த மனிதருக்கு ஊரில் ‘கூடாது அண்ணன்’ என்று பெயர். ஊராட்சி உறுப்பினராக ஜெயித்து உட்கார்ந்த நாள் முதல், எந்தத் தீர்மானம் வந்தாலும் கிரீஸ் கறை படிந்த கையைத் தூக்கி, "கூடாது!" என்பார். தெருவிளக்கா? திருடனுக்கு வழி தெரியும், கூடாது. சாக்கடைக்கு மூடியா? கொசுவுக்குக் கூரை எதற்கு, கூடாது. நல்லது எதுவென்று கண்டுபிடிக்க மற்றவர்களுக்கு இதைவிடச் சுலபமான வழி வேண்டுமா என்ன? அவர் கை தூக்கினால் தீர்மானம் நிறைவேறிவிடும். ஒருமுறை அவர் தூங்கிப்போய்க் கை தூக்காமல் விட்டார். எதற்கும் இருக்கட்டும் என்று அந்தத் தீர்மானத்தையே தள்ளிவைத்தார்கள்.

அப்பேர்ப்பட்டவருக்கு வந்தது சோதனை. அவர் தெருவுக்கே குழாய் போடும் தீர்மானம். வீட்டுக்காரியோ ஊர்க்கோடித் தொட்டியிலிருந்து குடம் சுமந்து சுமந்து இடுப்பொடிந்து போயிருந்தாள்.

"ஏங்க, வழக்கம்போல எந்திரிச்சு நில்லுங்க. நீங்க வேணாம்னாத்தான் குழாய் வரும்."

"நீ இருக்கிற இருப்புல, நான் எந்த வாயால வேணாம்ங்கிறது?"

"இத்தனை வருஷம் சொன்ன அதே வாயாலதான்!"

பாவம், மனிதருக்கு மனசே இல்லை. ஆனாலும் எடுத்த வேலையை அரைகுறையாகச் செய்து பழக்கமில்லையே! கூட்டத்தில் எழுந்தார்.

"குழாய் கூடாது! தண்ணி வாசலுக்கு வந்துட்டா யாரு நடப்பா? நடக்கிறது உடம்புக்கு நல்லது. குடத்தோட போறப்பத்தான் ஒருத்தர் மூஞ்சிய ஒருத்தர் பாக்கிறோம். குழாய் வந்தா பக்கத்து வீட்டுக்காரன் செத்தாக்கூடத் தெரியாது!"

வீட்டில் இருக்கும் அந்த இடுப்பை நினைத்ததும் குரல் வேறு தழுதழுத்துவிட்டது.

தையற்கடை நடத்தும் ஊராட்சித் தலைவியம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டார். "அண்ணே, இத்தனை வருஷம் உங்க பேச்சைக் காதுலயே போட்டுக்கல. சொந்தத் தெருவுக்கே வேணாம்னு சொல்ற மனசு யாருக்கு வரும்? இன்னைக்கு நீங்க சொன்னதுதான் முடிவு."

எல்லாக் கைகளும் ஒன்றாக எழுந்தன. குழாய் கிடையாது.

"ஐயோ, கூடாது! கூடாது!" என்று அலறினார் அண்ணன்.

"பாத்தீங்களா, பாராட்டைக்கூட வேணாங்கிறாரு!" கைதட்டலில் கூரைத் தகரம் அதிர்ந்தது.

விஷயம் கேட்ட வீட்டுக்காரி இரண்டு குடங்களையும் அவர் கையில் கொடுத்துவிட்டுப் போய்ப் படுத்துக்கொண்டாள்.

மறுநாள் காலை இடுப்பில் ஒன்று, தோளில் ஒன்றாக, மூச்சு வாங்க வந்துகொண்டிருந்தார் அண்ணன். தையற்கடை வாசலிலிருந்து தலைவியம்மா வாஞ்சையோடு கேட்டார்: "நடக்கிறது உடம்புக்கு நல்லதுதானே அண்ணே?"

அண்ணன் நின்றார். வாயைத் திறந்தார். வாழ்நாளில் முதன்முறையாக, "ஆமாம்மா" என்றார்.