என் தங்கை அமலோற்பவம்

போன வாரம் சர்க்கரை பார்க்க ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தேன். வெறும் வயிற்றில் ஒரு தடவை ரத்தம் கொடுத்துவிட்டு, வெளியே போய் இட்லி தின்றுவிட்டு, இரண்டாம் தடவை கொடுப்பதற்காக பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். இட்லி தின்ற மயக்கத்தில் கண் சொருகிக்கொண்டு வந்தது. உள்ளேயிருந்து ஒரு நர்சுப் பெண் எட்டிப் பார்த்து, கையிலிருந்த சீட்டைக் கண்ணுக்குப் பக்கத்திலும் தூரத்திலுமாகப் பிடித்துப் பார்த்தாள்.

"அம... அமலோ... அமலோர்பாவம்! யாரும்மா அது?"

நான் எழுந்து நின்றுவிட்டேன்.

எதிர்வரிசையில் ஒரு மூதாட்டியும் எழுந்து நின்றார். வெள்ளைச் சேலை, கழுத்தில் ஜெபமாலை. நர்சுப் பெண் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "சார், நீங்களா அமலோர்பாவம்?" என்று கேட்க, பெஞ்சிலிருந்தவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்துக்கொண்டே உட்கார்ந்தேன். பழக்கதோஷம். பள்ளிக்கூடத்திலும் ரேஷன் கடையிலும் அந்தப் பேரைக் கூப்பிட்டால், அண்ணன் என்ற முறையில் நான் போய் நின்ற காலம் ஒன்று உண்டு. அமலோற்பவம் என் தங்கை.

நீங்கள் உடனே எங்களை வேதக்காரர்கள், அதாவது கிறிஸ்தவர்கள் என்று நினைத்திருப்பீர்கள். எல்லாரும் அப்படித்தான் நினைத்தார்கள். எங்கள் வீடு திருவாண்டார்கோயிலை ஒட்டிய காலனியில். கும்பிடுகிற சாமி மாரியம்மா. அப்பாவும் அம்மாவும் கரும்பு வெட்டப் போகிறவர்கள். சீசனில் இரண்டு பேர் மேலும் காய்ந்த கரும்பிலையான சோகை வாசனையும், சோகை கிழித்த கீறல்களும் இருக்கும். அந்த வீட்டில் அப்படி ஒரு பேர் எப்படி வந்தது என்றால், அதற்குக் காரணம் நான்தான். என் உயிர்தான்.

இப்போது என்னைப் பார்த்தால் நம்ப மாட்டீர்கள். பஸ்சில் என் பக்கத்து சீட் காலியாக இருந்தாலும் ஜனங்கள் யோசித்துத்தான் உட்காருவார்கள். ஆனால் கைக்குழந்தையாக நான் ஒரு குச்சி. நடக்கப் பழகின வயதில் ஜுரம் வந்து, ஜுரத்தோடு வலிப்பும் வந்திருக்கிறது. டவுன் ஆஸ்பத்திரியில் வைத்துப் பார்த்தவர்கள், ஒரு கட்டத்தில் வீட்டுக்கு எடுத்துப் போங்கள் என்று சொல்லிவிட்டார்கள். அந்தக் காலத்தில் அதற்கு ஒரே அர்த்தம்தான். அப்பா என்னைத் துண்டில் சுற்றித் தோளில் போட்டுக்கொண்டு பஸ் ஏறினார். அம்மா நிறைமாதம். வயிற்றைப் பிடித்துக்கொண்டு பின்னால் ஏறினாள்.

வில்லியனூரில் ரயில்வே கேட் போட்டிருந்தது. பஸ் நின்றது. ரயில் வருகிற வழியாகத் தெரியவில்லை. அப்பா என்ன நினைத்தாரோ, என்னை அம்மா மடியில் போட்டுவிட்டு இறங்கி, மாதா கோயிலைப் பார்த்து ஓடினார். அதற்குமுன் அவர் எந்த மாதா கோயில் படியும் மிதித்ததில்லை. உள்ளே போய் எப்படிக் கும்பிடுவது, எதைச் சொல்வது என்று தெரியாது. மாரியம்மாவிடம் சொல்கிற மாதிரியே சொல்லியிருக்கிறார்: "தாயே, இவன எனக்கு உட்டுடு. வவுத்துல இருக்கறதுக்கு உன் பேரயே வைக்கிறேன்."

நான் பிழைத்துக்கொண்டேன். அடுத்த மாதம் தங்கை பிறந்தாள்.

அப்பா வாக்கு தவறாதவர். வில்லியனூருக்குப் போய் அங்கே வேதம் சொல்லிக்கொடுக்கிற உபதேசியாரைப் பிடித்து, "ஐயா, மாதாவோட பேரு இன்னா?" என்று கேட்டிருக்கிறார். மரியா என்று ஒரே வார்த்தையில் அவர் முடித்திருந்தால் என் தங்கை மேரியாகவோ மரியம்மாவாகவோ போயிருப்பாள். மாரியம்மாவுக்கும் அதற்கும் அதிக தூரமில்லை, யாரும் கண்டுகொண்டிருக்க மாட்டார்கள். உபதேசியார் விவரமானவர். லூர்து என்கிற ஊரில் விறகு பொறுக்கப் போன ஓர் ஏழைப் பெண்ணுக்கு மாதா காட்சி கொடுத்த கதையைச் சொல்லி, உங்கள் பேர் என்ன என்று அந்தப் பெண் கேட்டபோது, "நாமே அமலோற்பவம்" என்று மாதா சொன்னதாகச் சொன்னார். "மத்த பேரெல்லாம் நாம வச்சது. இது அவங்களே சொன்ன பேரு."

அப்பாவுக்கு அது போதும். "குடுக்கறதுன்னா முழுசா குடுக்கணும்" என்று, வாயில் நுழையாத அந்தப் பேரை வழியெல்லாம் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டே வீடு வந்து சேர்ந்தாராம்.

புதுச்சேரி டவுனில் பழைய கிறிஸ்தவ வீடுகளில் இந்தப் பேர் ஒரு காலத்தில் அபூர்வமில்லை. பிரஞ்சுக்காரர் ஆட்சியில் எழுதிய பழக்கத்தில் கடைசியில் 'e' என்று ஓர் எழுத்தைக் கூடுதலாகப் போட்டு எழுதிய பாட்டிமார்களைப் பின்னாளில் நான் அலுவலகத்தில் பார்த்திருக்கிறேன். எங்கள் காலனிக்குத்தான் அது புதுசு. அர்த்தம் எனக்கு எட்டாம் வகுப்பில்தான் தெரிந்தது. தமிழய்யா புணர்ச்சி இலக்கணம் நடத்தியபோது, "உன் தங்கச்சி பேருதான்டா குணசந்திக்கு நல்ல உதாரணம்" என்று பலகையில் எழுதினார். மலம் என்றால் அழுக்கு, மாசு. அமலம் என்றால் மாசில்லாதது. உற்பவம் என்றால் பிறப்பு. அமலம், உற்பவம் இரண்டும் சேர்ந்து அமலோற்பவம். மாசில்லாமல் உற்பவித்தவள். பையன்கள் காதில் விழுந்தது முதல் வார்த்தை மட்டும்தான். சாயங்காலம் தங்கை என் மேல் பாய்ந்தாள். "உங்க கிளாசு பசங்க எல்லாம் இன்னா சொல்றாங்க தெரியுமா?"

அது போதாதென்று, எல்லார் வாயிலும் கடைசிப் பகுதி 'பாவம்' ஆகிவிடும். ஒரு கால்தான் கூடுதல். பிறப்பு என்பது பாவம் என்று மாறிவிடும். அவள் தெருவில் போனால் ஒருவன் "அமலோர்..." என்று இழுப்பான், நாலு பேர் "பாவம்!" என்று முடிப்பார்கள். நான் ஓடிப்போய் அடிப்பேன். பெரும்பாலும் அடி வாங்கிக்கொண்டுதான் வருவேன்.

"அம்மா, என் பேர மாத்தும்மா. அமுதான்னு வையேன்" என்று அவள் அழுத நாட்கள் உண்டு. அப்போதெல்லாம் அம்மா அடுப்பைப் பார்த்துக்கொண்டே சும்மா இருப்பாள். அப்பாதான் சொல்வார்: "உங்கண்ணன் உசுரு அந்தப் பேருலதாம்மா இருக்குது."

அதற்குப்பிறகு அவள் அழ மாட்டாள். என்னை ஒரு பார்வை பார்ப்பாள். கோபமில்லை. நான் இருக்கிறேனா என்று சரிபார்க்கிற மாதிரி ஒரு பார்வை. பேரைச் சுருக்கிக் கூப்பிடவும் அவள் விட்டதில்லை. அமலு என்று ஒருநாள் கூப்பிட்டதற்கு, "முழுசா கூப்டு, உனக்குத்தான் ஆவாது" என்று மிரட்டினாள். கரும்புக் கொல்லையில் அவளைச் சாப்பிடக் கூப்பிடுவது என்றால் மூச்சு பிடித்துக் கத்த வேண்டும்.

படிப்பில் அவள் என்னைவிடக் கெட்டி. நர்சு வேலைமேல் ஆசை. பள்ளிக்கூடம் முடித்ததும் நர்சு படிப்புக்கு இடமும் கிடைக்கிற மாதிரி இருந்தது. சாதிச் சான்றிதழ் மட்டும் வேண்டும். எனக்கு முருகன் பேர். நான் மனு கொடுத்தபோது ஒரு கேள்வியில்லை. அவளுக்கு மட்டும் நிறுத்திவைத்தார்கள். கிறிஸ்தவத்துக்கு மாறியவர்களுக்கு எங்கள் சாதிச் சான்றிதழ் கிடையாது என்பது சட்டம். விசாரிக்க ஓர் அதிகாரி வீட்டுக்கே வந்தார். சுவரில் மாரியம்மா படம் இருந்தது. பக்கத்திலேயே மாதா படமும், அதன் கீழே உருகி ஒட்டிய மெழுகும் இருந்தன.

அவர் கெட்டவர் இல்லை. நிஜமாகவே யோசித்தார். "பேரு கிறிஸ்தவப் பேரு, வூட்ல படமும் இருக்குது. நான் கையெழுத்து போட்டா நாளைக்கு என்ன கேப்பாங்க. பேர மாத்திட்டு வாம்மா. அமுதவல்லின்னு வச்சிக்கோயேன், நல்லாத்தான இருக்குது? ஒடனே போட்டுத் தர்றேன்."

கடைசியில் அப்பாதான், "மாத்திக்க தாயி. மாதா கோச்சிக்க மாட்டா" என்றார். அம்மா அப்போதும் வாயைத் திறக்கவில்லை. என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள். அந்தப் பார்வையை, பிள்ளைக்கு ஏதாவது ஆகிவிடுமோ என்ற பயம் என்றுதான் நான் நினைத்தேன். தங்கையும் அப்படித்தான் நினைத்திருப்பாள்.

"வேணாம் சார்" என்றாள்.

"மாத்திக்கடி, நான் ஒண்ணும் செத்துட மாட்டேன்" என்று நான் சொன்னேன். அவள் பாய்ந்து என் வாயைப் பொத்தினாள். உங்களிடம் மறைப்பானேன்? அவள் வேண்டாம் என்று சொன்ன அந்தக் கணத்தில் என் நெஞ்சுக்குள் ஒரு மூலையில் நிம்மதியாக இருந்தது. அந்த வயதில் சாமியைப் பற்றி நான் கிண்டலாகப் பேசிக்கொண்டு திரிந்தவன். ஆனாலும் நிம்மதியாக இருந்தது.

நர்சு படிப்பு போயிற்று. அப்போது எங்கள் பக்கம் கம்பெனிகள் வர ஆரம்பித்திருந்தன. ஒரு சோப்புக் கம்பெனியில் பேக்கிங் வேலைக்குப் போனாள். நாளெல்லாம் நின்றபடி வேலை. அவள் கொண்டுவரும் உடைந்த சோப்பைப் போட்டுக் குளித்துவிட்டு நான் அரசு வேலைக்குப் போனேன். கரும்புச் சோகை வாசனை போய், எங்கள் வீட்டில் எலுமிச்சை சோப்பு வாசனை வந்தது அவளால்தான். இன்றைக்கும் கடையில் அந்த வாசனை வந்தால் நான் வேறு பக்கம் நகர்ந்துவிடுவேன். கல்யாணப் பத்திரிகையில் பேரை அமுதா என்று போடலாம் என்று மாப்பிள்ளை வீட்டார் கேட்டபோதும், முழுப் பேரைப் போட்டால்தான் மணையில் உட்காருவேன் என்றாள். மாப்பிள்ளை நல்ல மனிதர், கொத்தனார். "பேருல இன்னா இருக்குது, போடுங்க" என்று விட்டுவிட்டார்.

அப்பா போய்ப் பல வருஷமாகிறது. அம்மா போன வருஷம் போனாள். கடைசி நாட்களில் என் வீட்டில்தான் இருந்தாள். ஒரு மத்தியானம் கஞ்சி கொடுத்துக்கொண்டிருந்தேன். என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்:

"உங்கப்பன் மாதா கோயிலுக்கு ஓடுனாரே, அதுக்குள்ளயே உனக்கு ஜொரம் உட்டுடுச்சுடா. ரயிலு கேட்டுல பஸ்ஸு நின்னு, அவரு எறங்கி ரெண்டு அடி கூட வச்சிருக்க மாட்டாரு, அப்பவே வேர்த்துக் கொட்டி, கண்ணத் தொறந்து தண்ணி கேட்ட."

எனக்குப் புரியவில்லை. "அப்ப அப்பாகிட்ட சொல்லலையா?"

"எப்டிடா சொல்லுவேன்? அந்த மனுஷன் அழுதுகினே வந்தாரு. அவரு அழுது நான் பாத்ததே இல்ல. வேண்டிக்கினேன், புள்ள பொழைச்சிக்கும்னாரு. சரின்னுட்டேன். அப்புறம் சொல்ல பயம். பேர எடுத்து, நெஜமாவே உனக்கு எதனா ஆயிட்டா?" கொஞ்ச நேரம் மூச்சு வாங்கினாள். "அன்னிக்கி அந்த ஆபீசர் வந்தப்ப வாய் வரைக்கும் வந்துச்சுடா. சொல்லியிருந்தா புள்ள நர்சாயிருக்கும்."

அம்மா அதை என்னிடம் இறக்கி வைத்துவிட்டுப் போய்விட்டாள். நான் தூக்கிக்கொண்டு அலைந்தேன். தங்கைக்குத் தெரிய வேண்டாமா? இத்தனை வருஷம் சுமந்தவள் அவளல்லவா? அப்படியெல்லாம் நியாயம் பேசிக்கொண்டேன். உண்மையில் என்னால் தாங்க முடியவில்லை, அவ்வளவுதான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவள் வீட்டுக்குப் போனேன். முட்டிவலி அவளுக்கு. காலை நீட்டி உட்கார்ந்து முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். நான் அம்மா சொன்னதை அப்படியே சொன்னேன். அவள் கை நிற்கவில்லை. முழுவதும் ஆய்ந்து முடித்தாள். காம்புகளை ஒருபக்கம் ஒதுக்கினாள். பிறகுதான் நிமிர்ந்தாள்.

"இத ஏண்ணா எங்கிட்ட சொன்ன?"

"உனக்குத் தெரியணும்ல..."

"நர்சு போச்சு, முட்டி போச்சு. எதுக்குப் போச்சுன்னு கேட்டா சொல்றதுக்கு எங்கிட்ட ஒண்ணு இருந்துச்சு. எங்கண்ணனுக்காகன்னு. அதையும் எடுத்துக்கினு போவ வந்தியா?"

"சாப்ட்டுட்டுப் போ" என்றாள். கீரைக்குழம்பு வைத்துப் போட்டாள். நான் அத்தனையும் தின்றுவிட்டு வந்தேன்.

பல மாதம் போன் இல்லை. நான் செய்தாலும் அவள் மருமகள்தான் எடுத்து, அத்தை படுத்திருக்காங்க என்பாள். போன ஆவணியில் அவள் பேத்திக்குக் காதுகுத்து. பத்திரிகை மட்டும் வந்தது. பாட்டி என்று போட்ட இடத்தில் 'அமலா' என்றிருந்தது. அன்றைக்கு நாங்கள் அத்தனை சொல்லியும் மாற்றாத பேரை அவளே சுருக்கிவிட்டாள். இப்போது ரேஷன் கடையிலும் அமலாதானாம். பேத்தியின் பேர் யாருக்கும் அர்த்தம் தெரியாத இரண்டெழுத்துப் பேர். வில்லியனூர் பக்கத்துக் கிறிஸ்தவ வீடுகளிலும் பிள்ளைகளுக்கு இந்தப் பேரை இப்போது வைப்பதில்லை என்கிறார்கள். காதுகுத்துக்குப் போனேன். வந்தவர்கள் எல்லாரும் அமலா, அமலாக்கா என்று கூப்பிட்டார்கள். அவளும் திரும்பிப் பார்த்தாள். முழுப் பேரைச் சொல்லி ஒருதடவை கூப்பிட்டுப் பார்க்க எனக்கு ஆசைதான். வாய் வரவில்லை. எனக்கு என்ன உரிமை?

பத்திரிகை அடித்து வந்த மறுநாளிலிருந்து ஒன்று நடக்கிறது. விடிந்ததும் என் போன் அடிக்கும். தங்கைதான்.

"எழுந்துட்டியா?"

"எழுந்துட்டேன்."

"ஒடம்பு?"

"நல்லாத்தான் இருக்குது."

வைத்துவிடுவாள். வேறு பேச்சு கிடையாது. ஒருநாள் நான் குளியலறையிலிருந்து வருவதற்குள் விடாமல் அடித்துக்கொண்டே இருந்திருக்கிறாள். எடுத்தபோது அந்தப் பக்கம் குரலே வரவில்லை, மூச்சு மட்டும் கேட்டது. அன்றிலிருந்து குளிக்கப் போகும்போதும் போனைக் கையோடு எடுத்துக்கொண்டு போகிறேன்.