குப்புறக் கிடந்த கைப்பேசி

பராநிகோ தேநீரில் ரொட்டியைத் தோய்த்துக்கொண்டே, இணையத்தில் தன்னைத் திட்டி எழுதியிருப்பதைப் படிக்கச் சொல்லிக் கேட்கிறார். படிப்பவள் மகள் கினா.

"'பொய்யன். பல்லு இவ்ளோ வெள்ளையா இருக்கு, இவனா கடல்ல தவிச்சான்?'"

"இது நல்லாயிருக்கே, இன்னொரு தடவை படி புள்ள." வாயை அகலத் திறந்து, போகிறவர் வருகிறவருக்கெல்லாம் பல்லைக் காட்டுகிறார். எங்கள் தீவின் பெத்தியோ படகுத்துறையில், என் ரொட்டிக் கடைக்கு எதிரே கவிழ்த்துப் போட்ட படகுதான் அவருடைய நாற்காலி.

சூரை மீனுக்குப் போனபோது இயந்திரம் நின்று, நீரோட்டம் அவரை மேற்கே இழுத்துப் போனது. ஏதோ ஒரு வெளிநாட்டுக் கப்பல் நினைவில்லாமல் கிடந்தவரைத் தூக்கிக்கொண்டது. படகு மட்டும் மிதந்துபோய் வேறொரு தீவில் ஒதுங்க, அதில் பிளாஸ்டிக் பையில் சுற்றிய அவர் கைப்பேசி கிடைத்தது. அதில் அவர் எடுத்து வைத்திருந்த காணொளித் துண்டுகளைக் கோத்து பிரிஸ்பேன்காரர்கள் படமாக்கினார்கள். அன்றிலிருந்து முன்பின் தெரியாதவர்களெல்லாம் சண்டை போடுகிறார்கள்: நிஜமா, நடிப்பா?

கைப்பேசிக்கு மின்சாரம் ஏது? சூரிய விளக்கிலிருந்து ஏற்றினார். ஏன் அழவே இல்லை? "அழுதா உடம்புல இருக்கிற தண்ணியும் போயிடும்ல?"

ஒன்றுக்கு மட்டும் பதில் சொல்ல மாட்டார். படத்தின் நடுவில் திரை இருண்டுவிடுகிறது. சிரட்டைகள் குலுங்கும் ஓசை. வெளிச்சம் வரும்போது படகுக்குள் சுறா. கைப்பேசியைக் குப்புறப் போட்டது அவர்தான். சிரட்டை குலுக்கிச் சுறாவை அழைக்கும் வித்தை அவர் குடும்பத்துக்குச் சொந்தம். எங்கள் தீவுகளில் அப்படிப்பட்டதைப் பெண் கொடுத்த வீட்டுக்குக்கூடக் காட்டுவதில்லை.

அந்த வயிற்றெரிச்சல் அவர் மனைவியின் தம்பி உரியமுக்கு உண்டு. "மச்சான், கடையில வாங்கின சுறாதானே? ரசீது எங்க?"

"உங்க அக்காவைக் கட்டினதுக்கே ரசீது கிடையாது மாப்ள, சுறாவுக்கா வாங்குவேன்?"

போன மாதம் படக்காரப் பெண்மணி பிரிஸ்பேனிலிருந்து வந்தார். ஊர் கூடும் மண்டபமான மனேபாவில் எல்லோர் முன்னாலும் கேட்டார்: "ஒரு தடவை செஞ்சு காட்டுங்க, சண்டை தீர்ந்துடும். இல்லேன்னா அந்த இடத்துல 'இது நடிப்பு'ன்னு போட வேண்டியிருக்கும்."

மனேபாவில் பொய்யன் என்று பெயர் வாங்கியவனின் பேச்சு அதற்குப் பிறகு எடுபடாது. உரியமே பதறிப்போனார். "காட்டித் தொலையேன் மச்சான்! அக்கா எப்படித் தலைநிமிர்ந்து நடக்கும்?"

பராநிகோ தன் குடும்பத்துக்குரிய இடத்தை விட்டு அசையவில்லை. "போட்டுக்கோ தாயி. சாப்பிட்டுட்டுப் போ."

போட்டுவிட்டார்கள். நேற்று மாலை மனேபாவில் வெள்ளைத் துணி கட்டிப் புதுப் படத்தைக் காட்டினார்கள். 'இது நடிப்பு' என்ற எழுத்து வந்ததும் எல்லாத் தலைகளும் அவர் பக்கம் திரும்பின. அவரோ சுக்கான் பிடித்து உட்கார்ந்திருப்பவர்போல முதுகு நிமிர்ந்து இருந்தார். சிரட்டை ஓசை எழுந்து, வழக்கம்போலப் பாதியில் அறுந்தது.

நான் அவருக்குப் பின்னால் இருந்தேன். அவர் பக்கத்தில் கினா. ஓசை நின்ற பிறகும் அவள் மணிக்கட்டு நிற்கவில்லை. படத்தில் இல்லாத மிச்சத்தைக் குலுக்கிக்கொண்டே போனது. எப்படிக் குலுக்கியது என்று எழுத மாட்டேன். பராநிகோ திரும்பிப் பார்க்காமலேயே தன் அகன்ற உள்ளங்கையை அந்த மணிக்கட்டின்மேல் வைத்து மூடிக்கொண்டார்.